சவுடு என்று எழுதி மணலை அள்ளினால்: கடலூர் மாவட்டத்தில் நில வகையையும் குவாரி அனுமதியையும் சரிபார்த்து எதிர்ப்பது எப்படி

பக்கத்துக் கொல்லையில் பொக்லைன் இறங்கிவிட்டது. கேட்டால், “சவுடு எடுக்க கலெக்டர் பர்மிட் இருக்கு” என்று ஒரு தாளை நீட்டுகிறார்கள். சவுடு என்றால் பள்ளம் நிரப்ப எடுக்கும் மட்டமான மண். நாலடி ஆழம் போனதும் டிப்பரில் ஏறுவது வெள்ளை மணல். தென்பெண்ணை, கெடிலம், வெள்ளாறு, மணிமுத்தாறு, கொள்ளிடம் ஆகிய ஆறுகளின் கரையில் இருக்கும் ஊர்க்காரர்களுக்கு இது புதிதல்ல. ஆறுகள் தடம் மாறி ஓடிய பழைய படுகைகள் இன்றைய பட்டா நிலங்களுக்கு அடியில் கிடக்கின்றன. மேலே கொஞ்சம் வண்டல், கீழே ஆற்று மணல்.

இதைத் தடுக்கச் சட்டம் இருக்கிறது. ஆனாலும் வழக்குகள் தோற்கின்றன. காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: அந்தப் புல எண் பதிவேட்டில் என்ன வகை, அனுமதி ஆணையில் எழுதிய கனிமம் எது, குழியிலிருந்து வெளியே போகும் பொருள் எது என்ற மூன்று கேள்விக்கும் தாளில் பதில் இல்லாமல் மனு போடுவது. ஊர்வலமும் மறியலும் இந்தத் தாள்களுக்கு ஈடாகாது.

புல எண்ணைப் பிடியுங்கள்

“ஆத்தோரம் மாந்தோப்புக்கு மேற்கே” என்று எழுதிய மனு தாசில்தார் அலுவலகத்தைத் தாண்டாது. மாவட்டம், வட்டம், வருவாய்க் கிராமம், புல எண், உட்பிரிவு எண் என ஐந்தும் வேண்டும். வருவாய்க் கிராமத்தின் பெயரும் ஊராட்சியின் பெயரும் பல இடங்களில் வேறு வேறு. பதிவேட்டில் இருப்பது வருவாய்க் கிராமத்தின் பெயர்தான்.

தமிழ்நாடு அரசின் இணையவழி நிலப் பதிவுத் தளத்தில் பட்டா, அ-பதிவேட்டு விவரம், புலப்படம் மூன்றையும் எடுக்கலாம். குழி எந்த உட்பிரிவில் இருக்கிறது என்று தெரியாவிட்டால், பக்கத்தில் உங்களுக்குத் தெரிந்த ஒரு பட்டா எண்ணிலிருந்து தொடங்கி, புலப்படத்தில் எழுதியிருக்கும் அண்டை எண்களைப் பிடித்து நகருங்கள். எல்லைக் கல் நின்றால் நல்லது. குவாரிக்காரர்கள் முதலில் காணாமல் செய்வது அந்தக் கல்லைத்தான். கல் போன இடத்தில், உங்கள் நிலம் அடுத்ததாக இருந்தால், எல்லை அளந்து காட்டும்படி கட்டணம் கட்டி நில அளவைப் பிரிவுக்கு மனு கொடுங்கள். குறுவட்ட அளவர் வந்து அளந்து தரும் அறிக்கை பின்னால் எந்த நீதிமன்றத்திலும் பேசும்.

ஆற்றின் வடகரையில் பாகூர்ப் பக்கம் வேலை நடந்தால் முதலில் எந்த மாநில எல்லை என்று பாருங்கள். புதுச்சேரியின் நிலப் பதிவேடும் வருவாய்த் துறையும் தனி. தமிழ்நாட்டின் சிறுகனிம விதிகள் அங்கே செல்லாது. மத்தியச் சட்டமும் சுற்றுச்சூழல் அறிவிக்கைகளும் இரண்டு பக்கத்துக்கும் பொது.

அ-பதிவேட்டில் எதைப் படிக்க வேண்டும்

பட்டாவை மட்டும் பார்த்துவிட்டு முடிவுக்கு வராதீர்கள். பட்டா வரி கட்டுபவர் யார் என்று சொல்லும். நிலம் என்ன வகை என்று சொல்வது அ-பதிவேடு. அதில் ‘ர’ என்றால் ரயத்துவாரி, அதாவது தனியார் பட்டா நிலம். ‘ச’ என்றால் சர்க்கார். அடுத்த பத்தியில் நன்செய், புன்செய், தரிசு, புறம்போக்கு என்று இருக்கும். மண் வயனமும் ரகமும் என்ற பத்தியையும் குறித்துக்கொள்ளுங்கள். செட்டில்மென்ட் காலத்தில், அதாவது நிலங்களை அளந்து வகைபிரித்து வரி நிர்ணயித்த காலத்தில், அந்த மண்ணை எப்படி வகைப்படுத்தினார்கள் என்பதற்கு அதுவே ஆதாரம். கடைசியில் குறிப்புப் பத்தி. “ஆறு”, “ஓடை”, “வாய்க்கால்”, “படுகை”, “மேய்க்கால்” போன்ற சொற்கள் அங்கேதான் இருக்கும். ஒரு ஆணை எண்ணைச் சொல்லி வகை மாற்றியிருந்தாலும் அங்கேதான் தெரியும்.

தரிசு என்பதைப் புறம்போக்கோடு குழப்பாதீர்கள். தீர்வை ஏற்பட்ட தரிசு அரசு நிலம்தான், ஆனால் ஒப்படை செய்யக்கூடியது, அதாவது தனியாருக்கு ஒதுக்கிக் கொடுக்கக்கூடியது. ஆறு, ஏரி, ஓடை, வாய்க்கால் போன்ற நீர்நிலைப் புறம்போக்கு ஒப்படைக்கே ஆகாதது. கொள்ளிடத்து ஊர்களில் படுகை என்று இருப்பது ஆற்றுக்கும் கரைக்கும் இடைப்பட்ட நிலம். அதில் பட்டாவும் உண்டு, புறம்போக்கும் உண்டு. ஆகவே “படுகை என்றாலே அரசு நிலம்” என்று எழுதிவிட்டால் எதிர்த்தரப்பு வக்கீல் அந்த ஒரு வரியைக் காட்டியே உங்கள் மனுவைக் கவிழ்ப்பார்.

குவாரி போட்டதால் நிலத்தின் வகை மாறுவதில்லை என்பதையும் மனதில் வையுங்கள். புன்செய் புன்செய்தான். குத்தகை முடிந்த பிறகு பதிவேட்டில் புன்செய், தரையில் இருபதடிப் பள்ளம் என்று நிற்கும் நிலங்களுக்கு நம் மாவட்டத்தில் பஞ்சமில்லை.

ஆற்றுப் புறம்போக்கு பட்டா ஆகியிருந்தால்

சிக்கலான வழக்குகள் இங்கேதான் பிறக்கின்றன. 1980-களில் நடந்த யு.டி.ஆர். எனும் நிலவுடைமை மேம்பாட்டுப் பணியில் பிழையாக ஏறிய பெயர்கள் ஏராளம். ஆறு விலகியதும் கரையோரத்தை உழுதவர் பெயரில் உட்பிரிவு கிழிந்து பட்டா ஆன இடங்களும் உண்டு. இதைக் கண்டுபிடிக்க மூன்று தாள்களை ஒன்றன் பக்கம் ஒன்றாக வைக்க வேண்டும்: யு.டி.ஆருக்கு முந்தைய செட்டில்மென்ட் பதிவேட்டின் பக்கம், யு.டி.ஆர். அ-பதிவேட்டின் பக்கம், இன்றைய கணினி அ-பதிவேடு. பழைய புல எண் பத்திதான் இவற்றை இணைக்கும் சங்கிலி. பழைய பதிவேட்டில் ஆறு என்று இருந்த எண், நடுவில் எந்த ஆணையும் இல்லாமல் ‘ர’ ஆகியிருந்தால் அதுவே உங்கள் வழக்கின் முதுகெலும்பு.

பழைய பக்கங்கள் வட்டாட்சியர் அலுவலகத்திலோ மாவட்டப் பதிவறையிலோ இருக்கும். நகல் கேட்டு மனு போடுங்கள். இரண்டு வாரத்தில் பதில் வராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். “வகை மாற்றம் பற்றிய விவரம் தருக” என்று பொதுவாகக் கேட்டால் “பதிவுகள் இல்லை” என்ற ஒரு வரி வரும். இப்படிக் கேளுங்கள்: “இன்ன கிராமம், இன்ன புல எண்ணை ஆற்றுப் புறம்போக்கிலிருந்து ரயத்துவாரி புன்செய்யாக மாற்றிய ஆணையின் எண், தேதி, ஆணையிட்ட அலுவலரின் பதவி, அந்த ஆணையின் நகல்.” ஆணை இல்லை என்று பதில் வந்தாலும் அது உங்களுக்குச் சாதகமான ஆவணமே.

பிழையைத் திருத்தும் வழி: யு.டி.ஆர். பதிவுப் பிழைக்கு மாவட்ட வருவாய் அலுவலரிடம் மனு. 1983-ஆம் ஆண்டின் பட்டா பாஸ்புக் சட்டப்படி தாசில்தார் பிறப்பித்த பெயர் மாற்ற ஆணை என்றால், பிரிவு 12-இன்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, பிரிவு 13-இன்படி மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. கோட்டங்கள் கடலூர், சிதம்பரம், விருத்தாசலம் என மூன்று. உங்கள் வட்டம் எதில் வருகிறது என்று பார்த்துக் கொடுங்கள். நில அளவை எல்லையே தவறு என்றால் அது 1923-ஆம் ஆண்டின் அளவை மற்றும் எல்லைகள் சட்டம். அங்கே பிரிவு 13-இன் அறிவிக்கை தேதியிலிருந்து 3 ஆண்டுக்குள் பிரிவு 14-இல் உரிமையியல் வழக்குப் போட வேண்டும். இந்த 3 ஆண்டு தெரியாமல் இழந்தவர்கள் நிறையப் பேர்.

நீர்நிலை என்று நிரூபணமானால் நீதிமன்றங்கள் உறுதியாக நிற்கின்றன. 2001-இல் ஹிஞ்ச் லால் திவாரி வழக்கிலும் 2011-இல் ஜக்பால் சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் சொன்னவை, ஊர்ப் பொது நீர்நிலைகளைத் தனியாருக்கு விடக் கூடாது என்பதற்கு இன்றும் முதல் மேற்கோள்கள்.

எந்தக் கனிமம், யாருக்கு உரிமை

நிலம் பட்டா என்றே வைத்துக்கொள்வோம். “என் நிலம், என் மண்” என்பது பாதி உண்மை. தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகள் 1959-இல் விதி 19 பட்டா நிலத்தில் சிறுகனிமம் எடுக்க அனுமதி பெறும் வழியைச் சொல்கிறது. மணலுக்கு மட்டும் அந்த வழி அடைபட்டுவிட்டது. 2003 அக்டோபரில் வந்த விதி 38-அ, மணல் எடுக்கும் உரிமையை மாநில அரசுக்கே தனியாக்கி, அதுவரை இருந்த பட்டா நில மணல் அனுமதிகளையும் ரத்து செய்தது. அதனால்தான் தனியார் நிலத்தில் மணலை மணல் என்று எழுத முடியாமல் சவுடு, வண்டல், கிராவல், சாதாரண மண் என்று எழுதுகிறார்கள். ஆற்றோரத்தில் சவுடு என்பார்கள். பண்ருட்டி, நெய்வேலி மேட்டுநிலத்தில் கடலூர் மணற்கல் மேல் படிந்த செம்மண்ணுக்குக் கிராவல் என்பார்கள். கடலோரத்தில் மணல்மேட்டைக் கரைக்க “நிலம் சமன் செய்தல்” என்பார்கள்.

இந்தப் பெயர் விளையாட்டை 2021 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை நேரடியாகப் பிடித்தது. சவுடு என்ற பெயரில் இனி அனுமதி கொடுக்கக் கூடாது. மண்ணின் கூறுகளை ஆய்வகத்தில் சோதித்த அறிக்கை இல்லாமல் குவாரி அனுமதி கூடாது. ஆற்றை ஒட்டிய பட்டா நிலங்களில் மணல் படுகை இருக்கும் இடங்களை நிபுணர் குழு வைத்துக் கண்டறிந்து அறிவிக்க வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம். ஆகவே அனுமதித் தாளைப் பார்த்ததும் கேட்க வேண்டிய முதல் கேள்வி: ஆய்வக அறிக்கை எங்கே, மாதிரி எந்த ஆழத்தில் எடுத்தது? மேலடி மண்ணை மட்டும் சோதித்துவிட்டு மூன்று மீட்டர் தோண்ட அனுமதி கொடுத்திருந்தால், அந்த அறிக்கை மூன்று மீட்டருக்கு அறிக்கை ஆகாது.

நீங்களே ஒரு முதற்கட்டச் சோதனை செய்யலாம். கண்ணாடிப் பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு மண், மீதி தண்ணீர், நன்றாகக் குலுக்கி வையுங்கள். ஒரு நிமிடத்துக்குள் அடியில் தங்குவது மணல். இரண்டு மணி நேரத்தில் அதன் மேல் படிவது வண்டல். களிமண் கலங்கல் தெளிய ஒரு நாள் ஆகும். அடிப்படிவு பாதிக்கு மேல் இருந்தால் ஆய்வகத்துக்கு அனுப்புவதில் அர்த்தம் உண்டு. இந்தியத் தர நிர்ணய முறையில் 75 மைக்ரான் முதல் 4.75 மில்லிமீட்டர் வரையுள்ள பருக்கைகள் மணல். ஆய்வகத்தில் சல்லடைப் பகுப்பாய்வு என்று கேட்டால் அந்தச் சதவீதத்தைத் தருவார்கள். ஆனால் நீங்கள் தனியாக அள்ளிக்கொண்டு போன மண் எந்தக் குழியது என்று நிரூபிக்க முடியாது. மனுவில் “கிராம நிர்வாக அலுவலர் முன்னிலையில் அரை மீட்டர் இடைவெளியில் மாதிரி எடுத்து முத்திரையிட வேண்டும்” என்று கேளுங்கள். அது நடக்காவிட்டாலும், கேட்டது கோப்பில் இருக்கும்.

ஏரி வண்டலும் வெள்ள மணலும்

இந்த இரண்டிலும் நியாயமான விவசாயி தெரியாமல் மாட்டிக்கொள்கிறார், கடத்துபவர் தெரிந்தே நுழைகிறார்.

ஏரி, குளத்து வண்டலை விவசாயத்துக்கும் மண்பாண்டத்துக்கும் கட்டணமின்றி எடுக்கலாம். 2024 முதல் இதற்குத் தாசில்தாரே அனுமதி தரலாம். அளவு: நன்செய்க்கு ஏக்கருக்கு 75 கன மீட்டர், புன்செய்க்கு ஏக்கருக்கு 90 கன மீட்டர், வீட்டுத் தேவைக்கு 30, மண்பாண்டத் தொழிலுக்கு 60. இரண்டு ஏக்கர் நன்செய் வைத்திருப்பவர் பெயரில் 150 கன மீட்டருக்கு மேல் போகிறது என்றாலோ, வண்டி வயலுக்குப் போகாமல் செங்கல் சூளைக்கோ மனைப்பிரிவுக்கோ போகிறது என்றாலோ அனுமதி மீறப்பட்டது. அனுமதி பெற்றவரின் அடங்கலில் (கிராம சாகுபடிக் கணக்கில்) அந்த நிலம் உண்மையில் இருக்கிறதா என்றும் பாருங்கள்.

வெள்ள மணல் வேறு. 2024 டிசம்பரில் ஃபெஞ்சல் புயலின்போது சாத்தனூர் அணையிலிருந்து திறந்த நீர் தென்பெண்ணையில் வந்தபோது கரையோர வயல்கள் மணலால் மூடின. வெள்ளத்துக்குப் பின் விவசாயி தன் வயலில் படிந்த மணலை அகற்றுவதற்குச் சுற்றுச்சூழல் அனுமதி தேவையில்லை என்று சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின் 2016-ஆம் ஆண்டுத் திருத்தத்தின் பின்னிணைப்பு சொல்கிறது. ஆனால் இந்த விலக்கு சுற்றுச்சூழல் அனுமதிக்கு மட்டும். மணலை வெளியே ஏற்றி விற்க விதி 38-அ குறுக்கே நிற்கிறது. வரப்போரம் ஒதுக்கி வைப்பது ஒன்று, லாரியில் ஏற்றுவது வேறு. ஏற்றும் நாளில் நடைச்சீட்டு (ஒவ்வொரு நடைக்கும் சுரங்கத் துறை தரும் அனுமதிச் சீட்டு) இல்லாத வண்டி பிடிபட்டால் வழக்கு வண்டிக்காரர் மேலும் நிலத்துக்காரர் மேலும் வரும். முதலில் கிராம நிர்வாக அலுவலரிடம் மணல் படிந்த பரப்பும் உயரமும் குறித்துச் சான்று வாங்கி, ஆட்சியருக்கு எழுதி, எழுத்தில் பதில் வாங்கிய பிறகே வண்டியைக் கூப்பிடுங்கள். படிந்தது ஒன்றரை அடி என்று சான்றில் இருந்தால், யாரும் உங்கள் நிலத்தில் ஏழடி தோண்டிவிட்டு வெள்ளத்தின் மேல் பழி போட முடியாது.

சுற்றுச்சூழல் அனுமதி

2012 பிப்ரவரியில் தீபக் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன பிறகு, 5 ஹெக்டேருக்குக் குறைந்த சிறுகனிமக் குத்தகைக்கும் சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும். “சின்ன இடம்தானே” என்ற பதில் அதோடு முடிந்தது. அனுமதி தருவது மாநிலச் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு ஆணையம். அலுவலகம் சென்னை சைதாப்பேட்டை பனகல் மாளிகை. விண்ணப்பம், கூட்டக் குறிப்பு, நிபந்தனைகள் எல்லாம் மத்திய அரசின் பரிவேஷ் தளத்தில் கிடைக்கும். கிராமத்தின் பெயரைப் பல எழுத்துக்கூட்டல்களில் தேடிப் பாருங்கள், ஒன்றில் கிடைக்கும்.

அந்தக் கோப்பில் மூன்றைப் பாருங்கள். ஒன்று, மாவட்டத்தில் எந்தக் கனிமம் எங்கே எவ்வளவு இருக்கிறது என்று சொல்லும் மாவட்ட ஆய்வறிக்கை. அது இறுதியாகி நடப்பில் இருக்க வேண்டும், வரைவு போதாது. ஆற்று மணல் என்றால் எடுத்த அளவுக்கு ஆறு திரும்பச் சேர்க்கிறதா என்ற மறுநிரப்பு ஆய்வும் அதில் வேண்டும் என்று 2025-இல் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. இரண்டு, சுரங்கத் திட்டத்தில் உள்ள எல்லைப் புள்ளிகளின் அட்சரேகை, தீர்க்கரேகை. அவற்றைச் செயற்கைக்கோள் வரைபடத்தில் போட்டுப் பாருங்கள். குழி பக்கத்துப் புல எண்ணுக்குள் நகர்ந்திருப்பது உடனே தெரியும். மூன்று, சுற்றியுள்ள தூரங்கள். ஆற்றில் மணல் என்றால் பாலம், குடிநீர்த் திட்டம், உறிஞ்சு கிணறு, நீரேற்று நிலையம் ஆகியவற்றிலிருந்து 500 மீட்டருக்குள் கூடாது என்று மாநில விதி சொல்கிறது. 2020-ஆம் ஆண்டின் மத்திய வழிகாட்டுதல் பாலத்தின் நீளத்தைப் பொறுத்து இந்தத் தூரத்தைக் கூட்டவும் செய்கிறது. விண்ணப்பத்தில் ஊராட்சிக் குடிநீர்க் கிணற்றைக் காட்டாமல் விட்டிருந்தால், உண்மையை மறைத்தார்கள் என்பதே அனுமதியை ரத்து செய்யப் போதுமான காரணம்.

நான்குவழிச் சாலைக்கு மண் போகிறது, அதற்கு அனுமதியே வேண்டாம் என்றும் சொல்வார்கள். 2020-இல் கொடுத்த அந்த விலக்கை 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அதன் பிறகும் விலக்கு என்று சொன்னால் எந்தத் தேதியிட்ட அறிவிக்கை, அதில் எந்த நிபந்தனை, எவ்வளவு கன மீட்டர் என்று எழுத்தில் கேளுங்கள்.

கடலோர ஊர்களுக்கு ஒரு வார்த்தை. உயர் அலைக் கோட்டிலிருந்து 500 மீட்டர் வரையும், உப்பனாறு, கெடில முகத்துவாரம் போல அலை ஏறும் நீர்நிலைகளின் கரையிலும் கடலோர ஒழுங்குமுறை மண்டலம் வரும். உயிர்ப்புள்ள மணல்மேட்டைக் கரைப்பதோ உருமாற்றுவதோ 2019 அறிவிக்கைப்படி தடை. பட்டா என்பது இங்கே பதில் ஆகாது. பிச்சாவரம் பக்கம் என்றால் காப்புக்காடும் 2022-இல் அறிவிக்கப்பட்ட ராம்சர் தலமும் (உலக முக்கியத்துவம் உள்ள ஈரநிலம்) கூடச் சேரும். வனத்துறைக்கும் ஒரு நகல் அனுப்புங்கள்.

குழியை அளக்கும் கணக்கு

ஆணையில் கன மீட்டர் என்று இருக்கும், ஊரில் யூனிட் என்று பேசுவார்கள். ஒரு யூனிட் 100 கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். எடுத்துக்காட்டாக, அனுமதி 60 மீட்டருக்கு 40 மீட்டர், ஆழம் 1 மீட்டர் என்றால் 2,400 கன மீட்டர், சுமார் 848 யூனிட். 3 யூனிட் டிப்பரில் 283 நடை. அதே பரப்பில் ஆழம் 3 மீட்டர் போயிருந்தால் 7,200 கன மீட்டர், ஏறக்குறைய 848 நடை. சுரங்கத் துறை கொடுத்த நடைச்சீட்டு 283, குழி சொல்வது 848 என்றால், மீதி 565 நடை சீட்டில்லாமல் போனது. இந்த ஒரு கணக்கு பத்துப் பக்க மனுவைவிட வலிமையானது.

குழியின் பக்கங்கள் சரிவாக இருந்தால் மேல்பரப்பையும் அடிப்பரப்பையும் கூட்டி இரண்டால் வகுத்து, ஆழத்தால் பெருக்குங்கள். ஆழத்தை இன்றைய மேட்டிலிருந்து அளக்காதீர்கள். தோண்டாத பக்கத்துத் தரை மட்டத்திலிருந்து அளவுக்கயிறு பிடியுங்கள். மழைக்கு முன் அளப்பது முக்கியம். ஐப்பசி மழையில் குழி நிரம்பிவிட்டால் “இது பழைய குட்டை” என்ற வாதம் வரும். அதற்குப் பதிலாகப் பழைய தேதியிட்ட செயற்கைக்கோள் படங்களை எடுத்து வையுங்கள். கைபேசிப் படங்களில் தேதியும் இடக்குறியீடும் பதிய வேண்டும். மூலக் கோப்பை அழிக்காதீர்கள், வாட்ஸ்அப்பில் அனுப்பிய நகலில் அந்த விவரம் இருக்காது. நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும்போது பாரதிய சாட்சிய சட்டம் பிரிவு 63-இன்படி மின்னணுச் சான்றிதழும் இணைக்க வேண்டும்.

இரவில் தனியாகப் படம் பிடிக்கப் போகாதீர்கள். 2023 ஏப்ரலில் தூத்துக்குடி மாவட்டத்தில் மணல் கடத்தல் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர் ஒருவர் தன் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். அரசு அலுவலருக்கே அந்த நிலை. சொந்த வீட்டு மாடியிலிருந்தும் பொதுச் சாலையிலிருந்தும் தெரிவதைப் பதிவு செய்தால் போதும். மனுவில் தனி ஒருவர் பெயரை முன்னிறுத்தாமல் பத்துப் பேர் சேர்ந்து கையெழுத்திடுங்கள்.

எந்தக் கதவை எப்போது தட்டுவது

முதல் மனு மாவட்ட ஆட்சியருக்கு. மஞ்சக்குப்பம் ஆட்சியரகத்தில் திங்கட்கிழமைக் குறைதீர் நாளில் கொடுத்து எண் வாங்குங்கள். அதே மனுவின் நகலைப் புவியியல் மற்றும் சுரங்கத் துறையின் மாவட்ட அலுவலகம், கோட்டாட்சியர், நீர்வளத் துறைச் செயற்பொறியாளர், காவல் கண்காணிப்பாளர் ஆகியோருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். கோரிக்கையைப் பிரித்து எழுதுங்கள்: வேலையை நிறுத்துதல், கூட்டுப் புலத்தணிக்கை, குழி அளவீடு, மாதிரி எடுத்தல். “தக்க நடவடிக்கை எடுக்கவும்” என்று மட்டும் எழுதினால் “தக்க நடவடிக்கை எடுக்கப்பட்டது” என்று பதில் வரும்.

அதே வாரம் தகவல் உரிமை மனு. ரூ.10 நீதிமன்ற வில்லை ஒட்டி, ஆட்சியரின் செயல்முறை ஆணை, குத்தகைப் பத்திரம், சுரங்கத் திட்டம், கூட்டாய்வு அறிக்கைகள், ஆய்வக அறிக்கை, உரிமத்தொகை ரசீதுகள், முதல் சீட்டிலிருந்து கடைசிச் சீட்டு வரை நடைச்சீட்டு எண்கள், இவற்றின் நகல் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள். அதற்குள் குழி முடிந்துவிடும் என்பதால் “கோப்பை நேரில் பார்வையிட நாள் குறிக்கவும்” என்றும் சேர்த்துக் கேளுங்கள். சட்டம் அந்த உரிமையையும் தருகிறது.

அனுமதியே இல்லாமலோ அனுமதி மீறியோ அள்ளினால் அது குற்றம். கனிமங்கள் சட்டம் 1957 பிரிவு 21-இன்படி 5 ஆண்டு வரை சிறை, ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதம். எடுத்த கனிமத்தின் விலையையும் வசூலிக்கலாம். அந்தச் சட்டத்தில் நீதிமன்றம் வழக்கை ஏற்க, அதிகாரம் பெற்ற அலுவலரே புகார் கொடுக்க வேண்டும். அதைக் காரணம் காட்டிக் காவல் நிலையத்தில் திருப்பி அனுப்பினால், அரசு மணலைத் திருடியதற்குத் தனியாகத் திருட்டு வழக்கும் பதியலாம் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதைக் குறிப்பிடுங்கள். இன்று அது பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 303. பதிய மறுத்தால் கண்காணிப்பாளருக்கு எழுத்தில், பிறகு குற்றவியல் நடுவரிடம்.

பசுமைத் தீர்ப்பாயம் போக நினைத்தால் நாட்காட்டியைப் பாருங்கள். சுற்றுச்சூழல் அனுமதியை எதிர்த்து மேல்முறையீடு 30 நாளுக்குள். தகுந்த காரணம் சொன்னால் மேலும் 60 நாள், அதற்கு மேல் ஒரு நாளும் கிடையாது. அனுமதி இல்லாத குவாரி, சூழல் சேதம் போன்றவற்றுக்கு 6 மாதம், கூடுதலாக 60 நாள். இழப்பீடும் நிலச் சீரமைப்பும் கேட்க 5 ஆண்டு. தென்மண்டல அமர்வு சென்னையில் இருக்கிறது. பட்டா யாருக்கு என்ற தகராறைத் தீர்ப்பாயம் தொடாது. அதை அங்கே கலந்து எழுதினால் மனு பலவீனமாகும்.

பட்டா ரத்து, ஆட்சியரின் ஆணையில் விதிமீறல், அலுவலர்கள் மனுவைக் கிடப்பில் போடுதல் இவற்றுக்குச் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை. நீங்கள் முன்பே கொடுத்த மனுவும் அதன் ஒப்புகையும் இல்லாமல் போனால் “முதலில் மனு கொடுங்கள்” என்று திருப்பி விடுவார்கள். உங்கள் சொந்த வரப்பு சரிகிறது, கிணறு வற்றுகிறது என்றால் மட்டும் மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தில் தடையாணை வழக்கு பொருந்தும். அங்கே அரசையும் பிரதிவாதியாகச் சேர்த்தால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80-இன்படி 2 மாத அறிவிப்பு வேண்டும். அவசரம் என்றால் அதற்கு விலக்கு கேட்கும் மனுவையும் சேர்த்தே போடச் சொல்லுங்கள்.

லாரியை மறித்து நிற்பதைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். ஆத்திரம் நியாயமானது. ஆனால் மறித்த அன்றே ஊர்க்காரர்கள் மேல் சட்டவிரோதத் தடுப்பு வழக்கு விழும். அடுத்த ஆறு மாதம் ஊர் முழுக்க நீதிமன்றத்துக்கும் காவல் நிலையத்துக்கும் அலையும், குழி அமைதியாக ஆழமாகும். மறிப்பதற்குப் பதிலாக வண்டி எண், நேரம், திசை எழுதிய நோட்டுப் புத்தகம் ஒன்றைத் தினமும் இருவர் கையெழுத்தோடு வையுங்கள். நடைச்சீட்டுப் பட்டியல் கைக்கு வந்ததும் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

உத்தரவு உங்களுக்குச் சாதகமாக வந்தாலும் இரண்டு வேலை பாக்கி இருக்கும். குழியை மூடவும் கரையைக் கட்டவும் ஆகும் செலவை யார் ஏற்பது என்பது ஆணையில் தொகையோடும் தேதியோடும் இருக்கிறதா என்று பாருங்கள். இல்லாவிட்டால் அதற்காகவே திரும்ப மனு போடுங்கள். வகை மாற்றம் ரத்தானால், ரத்து செய்த ஆணை கணினி அ-பதிவேட்டில் ஏறி, ‘ர’ திரும்பவும் ‘ச’ ஆகி, குறிப்புப் பத்தியில் ஆறு என்று வந்திருக்கிறதா என்று மூன்று மாதம் கழித்து ஒரு நகல் எடுத்துப் பாருங்கள்.